கோசுமல்லி தண்ணீர் விடுவது ஏன்? எல்லாம் உப்புப் போடும் நேரத்தில்தான் இருக்கிறது!

(காட்சி: வாழை இலை, ஓரத்தில் கோசுமல்லி, அதைச் சுற்றிச் சிறு குளம்.)

வணக்கம். கல்யாணப் பந்தியில் இலையின் ஓரத்தில் ஒரு கரண்டி வைக்கப்படும் கோசுமல்லி, சாம்பார் வருவதற்குள் நீர் விட்டு, பக்கத்திலிருக்கும் இனிப்பு வரை ஓடிப் போவதைப் பார்த்திருப்பீர்கள். வீட்டில் செய்தாலும் இதே கதைதான் என்றால், குற்றம் வெள்ளரிக்காயிலும் இல்லை, பருப்பிலும் இல்லை. நீங்கள் உப்புப் போட்ட நேரத்தில் இருக்கிறது.

முதலில் பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிடுவோம். கர்நாடகத்தில் இதைக் கோசம்பரி என்பார்கள். ராமநவமியன்று பானகத்துடனும் நீர்மோருடனும் படைக்கப்படும் வடைப்பருப்பு இதற்கு மிக நெருங்கிய சொந்தம். ஆனால் செட்டிநாட்டு வீடொன்றில் கோசுமல்லி கேட்டால், வேகவைத்து மசித்த கத்தரிக்காயில் செய்த, இட்லிக்கும் இடியாப்பத்துக்கும் தொட்டுக்கொள்ளும் பதார்த்தம் வந்து நிற்கும். அதுவும் அருமையானதுதான், அதற்குத் தனி வீடியோ வேண்டுமென்றால் கருத்துப் பகுதியில் எழுதுங்கள்.

(காட்சி: ஊறும் பருப்பு.)

நான்கு பேருக்கு அரை கப் பாசிப்பருப்பு போதும். அதைக் கழுவி அரை மணி முதல் முக்கால் மணி நேரம் ஊறவைத்து, நகத்தால் கிள்ளினால் உடையும் பதம் வந்ததும், வடிகட்டியில் கொட்டிச் சொட்டுத் தண்ணீர் இல்லாமல் வடித்துவிடுங்கள். கடலைப்பருப்பிலும் செய்யலாம், அதற்கு இரண்டு மணி நேரமாவது ஊற வேண்டும். வேகவைக்கும் வேலை கிடையாது.

(காட்சி: வெள்ளரித் துண்டுகளின் மேல் உப்புத் தூவும் கை.)

இப்போது நான் காத்திருந்த இடத்துக்கு வருகிறேன். மாவடு போட்ட வீட்டில் வளர்ந்தவர்களுக்கு இந்த அறிவியல் ஏற்கெனவே தெரியும். ஜாடியில் பிஞ்சு மாங்காயைப் போட்டு உப்பைக் கொட்டிக் குலுக்கி வைத்தால், ஒரு சொட்டுத் தண்ணீர் ஊற்றாமலேயே இரண்டு மூன்று நாளில் மாங்காய் சுருங்கி, தன் நீரிலேயே மிதக்கத் தொடங்கும். காயின் செல்களுக்கு வெளியே உப்புச் செறிவு கூடும்போது, உள்ளேயிருக்கும் நீர் செல்சவ்வைக் கடந்து வெளியேறுகிறது. இதற்குச் சவ்வூடு பரவல் என்று பள்ளிப் பாடத்தில் பெயர், பாட்டிகளின் ஊறுகாய் ஜாடியில் பெயரே தேவைப்படவில்லை. கெட்டியான மாவடுவுக்கே அந்தக் கதி என்றால், எடையில் ஏறத்தாழ 95 சதவீதம் நீராகவே இருக்கும் வெள்ளரிக்காய், அதுவும் பொடியாக நறுக்கி எல்லாப் பக்கமும் வெட்டுவாய் திறந்து கிடக்கும் வெள்ளரிக்காய், எத்தனை நிமிடம் தாக்குப்பிடிக்கும்? மாவடுவில் நாம் விரும்பி வரவழைக்கும் அதே நீர்தான் கோசுமல்லியில் வேண்டாத விருந்தாளியாகிறது.

ஆகவே முற்றிய வெள்ளரியாக இருந்தால் நடுவிலுள்ள விதைப்பகுதியை வழித்து எடுத்துவிடுங்கள். நறுக்குமுன் காம்புப் பக்கத்துத் துண்டைக் கடித்துப் பார்ப்பதும் நல்லது, ஏனென்றால் ஒரு கசப்புக் காய் மொத்தக் கிண்ணத்தையும் கெடுத்துவிடும். நறுக்கிய வெள்ளரி, துருவிய கேரட், இரண்டு மேசைக்கரண்டி தேங்காய்த் துருவல், கொத்தமல்லித் தழை, கிடைத்தால் கொஞ்சம் மாங்காய்த் துருவல், இவற்றைப் பருப்போடு கலந்து உப்பில்லாமலே மூடி வையுங்கள். வெங்காயம் சேர்ப்பவர்களோடு எனக்குச் சண்டையில்லை, ஆனால் அவர்கள் வீட்டுக் கோசுமல்லியை நான் இரண்டாம் முறை கேட்டு வாங்குவதில்லை.

தாளிப்புக்கு ஒரு தேக்கரண்டி தேங்காய் எண்ணெய், கடுகு, கீறிய பச்சை மிளகாய், கறிவேப்பிலை, ஒரு சிட்டிகை பெருங்காயம். அடுப்பை அணைத்துச் சூடு தணிந்த பிறகே இதைக் காயின் மேல் சேர்க்க வேண்டும், இல்லையென்றால் வெள்ளரி துவண்டுவிடும்.

(காட்சி: பந்திக்குத் தயாராக இலைகள்.)

எல்லோரும் இலையில் உட்கார்ந்த பிறகு உப்பைப் போட்டு, அரை எலுமிச்சம்பழத்தைப் பிழிந்து, ஒரே ஒரு முறை கிளறிப் பரிமாறுங்கள். மாங்காய் புளித்தால் எலுமிச்சையைக் குறைத்துக்கொள்ளலாம். எவ்வளவு கவனமாக இருந்தாலும், சாப்பிட்டு முடிப்பதற்குள் கிண்ணத்தின் அடியில் கொஞ்சம் நீர் தேங்கத்தான் செய்யும். உப்பும் புளிப்பும் பெருங்காய வாசமும் இறங்கிய அந்த நீரைக் கொட்டிவிடாமல், நீர்மோரில் ஊற்றிக் குடித்துப் பாருங்கள்.