ஸ்பீல்பெர்க் "உலகத்துலயே பெஸ்ட்"னு சொன்ன நடிகர்... பேரு தெரியுமா?

[திரையில்: 'தி லாஸ்ட் வேர்ல்ட்' படத்தின் வேட்டைக்காரர், குளோசப்பில்]

ஜுராசிக் பார்க் ரெண்டாவது பாகம் ஞாபகம் இருக்கா மக்களே? 1997. அதுல ஒரு மொட்டைத்தலை வேட்டைக்காரர் வருவாரு. டைனோசர் தீவுக்கு வர்றதுக்குச் சம்பளம் எவ்வளவுன்னு பேச்சு வரும்போது, "காசை நீயே வெச்சுக்க. ஒரு டி-ரெக்ஸை வேட்டையாட எனக்கு உரிமை குடு. ஆணா இருக்கணும், அவ்வளவுதான்"னு சொல்வாரு. படத்துல அத்தனை டைனோசர் இருக்கு, ஆனா இந்த ஆள் ஃப்ரேமுக்குள்ள வந்துட்டா கண்ணு அங்கதான் போகும்.

அந்த முகத்தைக் கொஞ்சம் பாருங்க. கன்ன எலும்பு ரெண்டும் வீட்டுத் திண்ணை மாதிரி வெளிய தள்ளி நிக்குது. இந்த முகத்தை வெச்சுக்கிட்டு சினிமா ஹீரோ ஆக முடியாது. ஆனா இந்தப் படம் எடுத்தப்புறம் ஸ்பீல்பெர்க் இவரை என்னன்னு சொன்னாரு தெரியுமா? "உலகத்துலயே சிறந்த நடிகர்"னு!

அதுக்கு நம்ம ஆளு குடுத்த பதில்தான் அதைவிட சூப்பர். "ஸ்பீல்பெர்க் அப்படிச் சொல்லியிருக்க மாட்டாரு. 'இந்த பீட் இருக்கானே, தன்னைத்தான் உலகத்துலயே சிறந்த நடிகன்னு நினைச்சுக்கிட்டு இருக்கான்'னு சொல்லியிருப்பாரு"ன்னு சொல்லிட்டுப் போயிட்டாரு.

பேரு பீட் போசில்த்வெயிட். ஒரு தடவை நீங்களும் சொல்லிப் பாருங்க. வரலையா? பரவாயில்ல, இங்கிலாந்துக்காரங்களுக்கே வரல. ஆரம்பத்துல கூட இருந்தவங்க எல்லாம் "பேரை மாத்திக்கப்பா, இவ்வளவு நீளப் பேரைத் தியேட்டர் வாசல்ல லைட்டு போட்டு எழுதினா கரன்ட் பில் கட்டுப்படியாகாது"ன்னு கிண்டல் பண்ணியிருக்காங்க. அவரு மாத்தல.

பின்னணியை வேகமா ஓட்டிடறேன், ஏன்னா உள்ள நிறைய சமாச்சாரம் இருக்கு. 1946-ல வாரிங்டன்ல பிறந்தாரு. லிவர்பூலுக்கும் மான்செஸ்டருக்கும் நடுவுல இருக்குற ஊரு. கத்தோலிக்கக் குடும்பம், சின்ன வயசுல பாதிரியார் ஆகலாம்னு ஒரு யோசனை. அப்புறம் நாடக வாத்தியார். அப்புறம் பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளி. அங்கேருந்து லிவர்பூல் எவ்ரிமேன் தியேட்டர். எழுபதுகள்ல அங்க கூட நடிச்சவங்க யாருன்னு பாருங்க: ஜூலி வால்டர்ஸ், பில் நை, ஜோனதன் பிரைஸ். எல்லாரும் ஒரே மேடையில! சினிமான்னு எடுத்துக்கிட்டா, 1977-ல ரிட்லி ஸ்காட்டோட முதல் படம் 'தி டுயலிஸ்ட்ஸ்'ல ஒரு ஜெனரலுக்குச் சவரம் பண்ணி விடுற ஆளா வந்துட்டுப் போனாரு. பின்னணி முடிஞ்சுது.

இப்போ விஷயத்துக்கு வரலாம்.

குணச்சித்திர நடிகர்னா என்ன நினைப்போம்? ஒரு படத்துல போலீஸ், அடுத்ததுல திருடன், அதுக்கடுத்து சாமியார், இப்படி வேஷம் மாறிக்கிட்டே இருக்கணும். பீட் அதையும் பண்ணினாரு, வர்றேன். ஆனா அவரோட பெரிய வேலை எல்லாத்தையும் வரிசையா வெச்சுப் பார்த்தா ஒரே வேஷம்தான் திரும்பத் திரும்ப வருது. அப்பா! ஒரே வேஷம், ஒவ்வொரு தடவையும் வேற மனுஷன். என்னைக் கேட்டா இதுதான் கஷ்டம். மீசை மாத்தி, விக் மாத்தி வேற ஆளா தெரியறது ஒண்ணும் பெரிய விஷயமில்ல.

முதல் அப்பா, 1988. படம் 'டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்'. டெரன்ஸ் டேவிஸ்ங்கிற டைரக்டர் லிவர்பூல்ல தன்னோட சொந்தக் குடும்பம் பட்ட பாட்டை எடுத்த படம். இதுல பீட் அடிக்கிற அப்பா. ஒரு கிறிஸ்துமஸ் சீன் இருக்கு. முந்தின நாள் ராத்திரி பிள்ளைங்க தூங்கிக்கிட்டு இருக்கும்போது மெதுவா வந்து, பரிசை வெச்சுட்டு, அதுங்களைப் பார்க்குற பார்வையில அவ்வளவு பாசம். அடுத்து சாப்பாட்டு மேசை. எல்லாரும் உட்கார்ந்திருக்காங்க. திடீர்னு மேசை விரிப்பைப் புடிச்சு ஒரே இழு. தட்டு, சாப்பாடு எல்லாம் கீழ. "இதைச் சுத்தம் பண்ணு"ன்னு பொண்டாட்டியைப் பார்த்து ஒரு கத்து. ஏன் கோபம்? படம் காரணமே சொல்லாது. பீட்டும் முகத்துல காரணம் காட்ட மாட்டாரு. அந்த வீட்டுப் பிள்ளைங்களுக்கும் காரணம் தெரியாதில்ல, அதே பயம் நமக்கும் வந்துடும்.

ரெண்டாவது அப்பா, 1993. 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்'. நேர் எதிர். இது நிஜக் கதை. 1974-ல இங்கிலாந்துல கில்ட்ஃபோர்டுங்கிற ஊர்ல மதுக்கடைகள்ல குண்டு வெடிச்சு அஞ்சு பேர் செத்துப் போனாங்க. பெல்ஃபாஸ்ட் பையன் ஜெரி கான்லன் மேல கேஸ். மகனுக்கு வக்கீல் வெச்சுக் காப்பாத்தலாம்னு லண்டனுக்கு வந்த அப்பா ஜுசெப்பே கான்லனையும் புடிச்சு உள்ள போட்டுட்டாங்க. ரெண்டு பேரும் நிரபராதி. அப்பா 1980-ல கைதியாவே செத்துப் போனாரு. மகன் வெளிய வந்தது 1989-ல.

படத்துல அப்பாவும் மகனும் ஒரே சிறை அறையில இருப்பாங்க. நிஜத்துல அப்படி இல்ல, அது படத்துக்காகச் சேர்த்தது, அதுக்காகத் திட்டும் வாங்கினாங்க. ஆனா அந்த அறை இல்லன்னா பீட்டுக்கு இந்தப் படமே இல்ல. மகனா நடிச்சது டேனியல் டே-லூயிஸ். கத்துறது, அழறது, சுவத்துல முட்டுறது எல்லாம் அவரு. எதிர்ல பீட் சும்மா உட்கார்ந்திருப்பாரு. மூச்சு வாங்கும். பையன் மேல வருத்தம் இருக்கும், ஆனா குரலை உசத்த மாட்டாரு. இதுல ஒரு ஜாலியான கணக்கு சொல்லட்டுமா? டே-லூயிஸ் பிறந்தது 1957. பீட் 1946. அப்பாவுக்கும் மகனுக்கும் பதினோரு வயசுதான் வித்தியாசம்! படம் பார்க்கும்போது யாராவது கணக்குப் போட்டீங்களா? நான் போடல.

ஆஸ்கர்ல சிறந்த துணை நடிகருக்குப் பரிந்துரை வந்துச்சு. கிடைக்கல, 'தி ஃபியூஜிடிவ்' படத்துக்காக டாமி லீ ஜோன்ஸ் வாங்கிட்டாரு. அந்த லிஸ்ட்ல இன்னொரு பொடியன் இருந்தான், லியனார்டோ டிகாப்ரியோ. இந்தப் பேரைப் புடிச்சு வெச்சுக்கங்க, பின்னாடி வேணும்.

மூணாவது அப்பா. இங்கதான் நான் நின்னு பேசப் போறேன், அவசரமா இருக்குறவங்க காபி போட்டுட்டு வந்துடுங்க.

[திரையில்: நிலக்கரிச் சுரங்கக் கோபுரம், பித்தளை வாத்தியக் குழு]

'பிராஸ்ட் ஆஃப்', 1996. கதை நடக்குறது யார்க்ஷயர்ல ஒரு சுரங்க ஊரு. அந்தக் காலத்துல அந்தப் பக்கம் நிறைய நிலக்கரிச் சுரங்கத்துக்குச் சொந்தமா ஒரு பேண்டு இருந்துச்சு. பகல்ல பூமிக்கடியில கரி வெட்டுறவன் சாயங்காலம் கார்னெட் ஊதுவான், ட்ரம்பெட் மாதிரி ஒரு வாத்தியம். 1984-85-ல ஒரு வருஷம் ஸ்ட்ரைக் பண்ணித் தோத்தவங்க இவங்க. அதுக்கப்புறம் 1992 அக்டோபர்ல அரசாங்கம் ஒரு குண்டைத் தூக்கிப் போட்டுச்சு: 31 சுரங்கத்தை மூடப்போறோம், சுமார் 30,000 பேருக்கு வேலை போகும். அதுல கிரைம்தார்ப்னு ஒரு ஊரு. அதே மாசம், அந்த ஊரு பேண்டு தேசியப் போட்டியில ஜெயிச்சு முதல் பரிசு வாங்குச்சு! சோறு போடுற சுரங்கத்தை மூடப்போறான், ஊரு பேண்டு சாம்பியன். இந்த ஊரை மனசுல வெச்சு எழுதின கதைதான் படம். பின்னணி இசை வாசிச்சதும் அதே கிரைம்தார்ப் பேண்டுதான்.

பீட் இதுல டானி, பேண்டு மாஸ்டர். நுரையீரல் பூரா கரித்தூசி. ஊரே வேலை போகுமேன்னு நடுங்குது, இவருக்கு மட்டும் போட்டி, கோப்பை, வாத்தியம், அது ஒண்ணுதான் கண்ணுல. பார்க்குற நமக்கே எரிச்சலா வரும், என்ன மனுஷன்யா இவன்னு. சொந்த மகனே அந்த பேண்டுலதான் வாசிக்கிறான், கடன்ல மூழ்கிட்டான், பொண்டாட்டி பிள்ளைங்க வீட்டை விட்டுப் போயாச்சு, கோமாளி வேஷம் போட்டுப் பொழைக்கிறான். அப்பாவுக்கு அது உறைக்கவே உறைக்காது.

அப்புறம் ஆஸ்பத்திரி. டானி படுக்கையில. ராத்திரி, பேண்டுக்காரங்க எல்லாரும் சுரங்கத்துக்குப் போடுற லைட்டு வெச்ச ஹெல்மெட்டோட வெளிய நின்னு 'டானி பாய்'ங்கிற பழைய பாட்டை வாசிப்பாங்க. ஜன்னல் வழியா அது உள்ள வரும். மத்த படமா இருந்தா நடிகர் இங்க ஒரு குடம் கண்ணீர் விட்டிருப்பாரு. பீட் காது குடுத்துக் கேக்குறாரு, அவ்வளவுதான். எவன் சரியா ஊதுறான்னு பார்க்குற வாத்தியார் முகமும் இருக்கு, இது என்னோட பசங்கங்கிற அப்பா முகமும் இருக்கு. ரெண்டும் ஒரே முகத்துல எப்படி வந்துச்சுன்னு எனக்கு இன்னும் புரியல.

கடைசியில லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹால், பைனல். ஜெயிச்சுடுறாங்க. ஆஸ்பத்திரியிலேருந்து எழுந்து வந்த டானி மேடை ஏறி, கோப்பை வேண்டாம்ங்கிறாரு. "இசைதான் பெருசுன்னு நினைச்சேன். மனுஷங்களுக்கு முன்னாடி அது ஒண்ணுமே இல்ல"ன்னு ஆரம்பிச்சு, அரசாங்கத்தை வெளுத்து வாங்குவாரு. இது சீல் பத்தியோ திமிங்கலம் பத்தியோ இருந்தா எல்லாரும் பொங்கியிருப்பீங்க, நாங்க வெறும் மனுஷங்கன்னு ஒரு போடு போடுவாரு பாருங்க! குரல் உடையும், மூச்சு நிக்கும், ஆனா ஒரு வார்த்தைகூடப் பிசிறடிக்காது.

ஒரு விஷயம் கவனிச்சேன். ஜுசெப்பேக்கும் நெஞ்சு நோய், டானிக்கும் நெஞ்சு நோய். ரெண்டும் ஒரே நடிகர், மூணே வருஷ இடைவெளி. ஆனா ஜுசெப்பே மத்தவங்களுக்குத் தொந்தரவாயிடுமோன்னு மூச்சை அடக்குற ஆளு, டானி இருமல் வேலைக்குக் குறுக்க வருதேன்னு கோபப்படுற ஆளு. ரெண்டு படத்தையும் அடுத்தடுத்துப் பாருங்க, நான் சொல்றது புரியும்.

கூடுதல் போனஸ்: டானியோட அந்த மேடைப் பேச்சுலேருந்து ஒரு துண்டை சும்பவாம்பாங்கிற இசைக் குழு 1997-ல தங்களோட 'டப்தம்பிங்' பாட்டின் ஆல்பம் வடிவத்துல ஆரம்பத்துலயே சேர்த்துக்கிட்டாங்க. ஆமா, "கீழ விழுந்தாலும் எழுந்துடுவேன்"னு உலகமே கத்திப் பாடுச்சே, அந்தப் பாட்டேதான். அதுல முதல்ல வர்ற குரல் நம்மாளோடது!

சரி, வில்லத்தனம். 'ஷார்ப்' டிவி தொடர்ல ஒபதையா ஹேக்ஸ்வில்னு ஒரு சார்ஜன்ட். முகம் துடிச்சுக்கிட்டே இருக்கும், தொப்பியைக் கழட்டி, உள்ள இருக்குற அம்மா படத்தோட பேசுவான். சிரிக்கிறதா பயப்படுறதான்னு தெரியாது. 'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்'ல கோபயாஷி. படம் பார்க்காதவங்க பத்து செகண்ட் காதைப் பொத்திக்கங்க, வந்து முப்பது வருஷமாச்சு, இனிமே என் மேல தப்பில்ல. அந்தப் பேரே, கதை சொல்றவன் ஒரு காபி கப்போட அடியில பார்த்து அடிச்சு விட்ட பேரு. ஜப்பான் பேரு, இங்கிலீஷ் முகம், எந்த ஊருன்னே புடிபடாத ஒரு உச்சரிப்பு. முதல் தடவை பார்க்கும்போது ஏன் இப்படிப் பேசுறாருன்னு தோணும். முடிவு தெரிஞ்சப்புறம் யோசிச்சா, இட்டுக்கட்டின ஒரு பேருக்கு வேற எப்படி உச்சரிப்பு இருக்கும்!

இப்போ டிகாப்ரியோ. 1993 படத்துக்கு ஒரே ஆஸ்கர் பிரிவுல ரெண்டு பேரும் போட்டி. 1996-ல 'ரோமியோ + ஜூலியட்', டிகாப்ரியோ ரோமியோ, பீட் பாதிரியார். சின்ன வயசுல ஆக நினைச்சது சினிமாவுலயாவது ஆச்சு. 2010-ல 'இன்செப்ஷன்'. அதுல பீட், கிலியன் மர்ஃபியோட கோடீஸ்வர அப்பா. மறுபடியும் அப்பா! சாகக் கிடக்குறவரு, பேச்சே வராது. மகன், "நான் உங்களை மாதிரி ஆகலைன்னு உங்களுக்கு ஏமாற்றம்"னு சொல்வான். அப்பா, "நீ என்னை மாதிரி ஆகப் பார்த்தியே, அதான் ஏமாற்றம்"ங்கிற மாதிரி ஒரு பதில். படத்துல அத்தனை கட்டடம் மடங்குது, தெருவே தலைகீழாகுது, மகன் மனசு மாறுறது இந்த ஒரு பதில்ல. இதுல வயித்தெரிச்சல் என்னன்னா, அது நிஜ அப்பாவே இல்ல, கனவுல செட் பண்ணின அப்பா. பொய் அப்பாவுக்கே நம்மளைக் கண் கலங்க வெச்சுட்டாரு.

நடுவுல 2008-ல லிவர்பூல் எவ்ரிமேன்ல ஷேக்ஸ்பியரோட 'கிங் லியர்' நாடகத்துல லியரா நடிச்சாரு. உலக நாடகத்துலயே பெரிய அப்பா வேஷம் அது. அதை விடுவாரா?

இன்னொண்ணு. 2004-ல ஓபிஇங்கிற பிரிட்டிஷ் அரசுப் பட்டம் குடுத்தாங்க. 2009-ல பருவநிலை மாற்றம் பத்தின 'தி ஏஜ் ஆஃப் ஸ்டுபிட்' படத்துல நடிச்சாரு. படத்தோட திரையிடல் அன்னிக்கே, "கிங்ஸ்நார்த்ல புது நிலக்கரி மின் நிலையத்துக்கு அனுமதி குடுத்தா பட்டத்தைத் திருப்பிக் குடுத்துடுவேன்"னு அப்போ பிரிட்டன் அமைச்சரா இருந்த எட் மிலிபேண்டுக்கு நேராவே சொன்னாரு. அந்த வருஷமே கம்பெனி அந்தத் திட்டத்தைத் தள்ளி வெச்சுடுச்சு. நிலக்கரி ஊருக்காகப் படத்துல அழுதவரு நிஜத்துல நிலக்கரிக்கு எதிரா நிக்குறாரேன்னு கேக்குறீங்களா? நானும் யோசிச்சேன். டானி சண்டை போட்டது கரிக்காக இல்லைங்க, ஆளுங்களுக்காக.

2011 ஜனவரி 2, புற்றுநோய்ல காலமானாரு, 64 வயசு. 'தி டவுன்' படத்துல ரோஜாத் தண்டை நறுக்கிக்கிட்டே மிரட்டுவாரே, அந்தப் பூக்கடை தாதா வேஷத்துக்கு, இறந்தப்புறம் பிரிட்டிஷ் சினிமா விருதான பாஃப்டாவுக்குப் பரிந்துரை வந்துச்சு.

எதுலேருந்து ஆரம்பிக்கலாம்னு கேட்டா, 'பிராஸ்ட் ஆஃப்'. ரெண்டாவது 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்'. 'டிஸ்டன்ட் வாய்சஸ்'ஸை மனசு தெம்பா இருக்குற அன்னிக்குப் பாருங்க. டைனோசர் படத்தை எப்போ வேணா பார்த்துக்கலாம், அதுல அவருக்கு ஒரு பிள்ளைகூட இல்ல. உங்களுக்குப் புடிச்ச பீட் கேரக்டர் எதுன்னு கமெண்ட்ல போடுங்க, ஹேக்ஸ்வில்னு போடுறவங்களுக்கு மட்டும் நான் நேர்ல பதில் போடுறேன். பேரைச் சரியா டைப் பண்ணினவங்களுக்கு ஒரு ஹார்ட்.