கல்யாண் தட்டார் கொடுத்த தண்ணீர்த் தொட்டி

நேயர்கள் அனைவருக்கும் வணக்கம்.

நான் தாராவியில் பிறந்து வளர்ந்தவன். அப்பா திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து பிழைப்புக்கு வந்தவர். எனக்குத் தொழில் குழாய் வேலை. முப்பத்தைந்து வருடமாக இந்த மும்பையில் கட்டடங்களுக்குத் தண்ணீர் ஏற்றுவதும் இறக்குவதும்தான் என் வேலை. அதோடு பதினோரு வருடமாக, மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, பத்துப் பேரைக் கூட்டிக்கொண்டு கான்ஹேரிக் குகைகளுக்குப் போய் வருகிறேன். காலையில் கிளம்பி இருட்டுவதற்குள் வீடு திரும்பிவிடுகிற பயணம். அதைப் பற்றிப் பேசத்தான் அழைத்திருக்கிறார்கள்.

கான்ஹேரி தொலைவில் இல்லை. போரிவலியில், சஞ்சய் காந்தி தேசியப் பூங்காவுக்குள், காட்டின் நடுவே ஒரு கரும்பாறை மலை. கிருஷ்ணகிரி என்ற பெயர்தான் மக்கள் வாயில் தேய்ந்து கான்ஹேரி ஆனது. கரிய மலை என்று பொருள். அந்தப் பாறையைக் குடைந்து நூற்றுக்கும் மேற்பட்ட குகைகள். பௌத்தத் துறவிகள் தங்கியவை. கி.மு. முதல் நூற்றாண்டு வாக்கில் தொடங்கி, ஏறக்குறைய ஆயிரம் வருடம் அங்கே ஆள் நடமாட்டம் இருந்திருக்கிறது. யோசித்துப் பாருங்கள், நம் மும்பைக்கு இன்றைய உருவம் வந்து இருநூறு, முந்நூறு வருடம்தான் ஆகிறது.

நான் முதன்முதலில் போனது ஒரு பெரிய பேருந்தில். ஐம்பது பேர். இறங்கினோம், மூன்றாம் குகைக்கு ஓட்டினார்கள். பெரிய புத்தர் சிலைக்கு முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டோம். முக்கால் மணி நேரத்தில் விசில் ஊதிவிட்டார்கள். வழிகாட்டி ஒலிபெருக்கியில் பேசினார். பாறையில் மோதித் திரும்பிய எதிரொலியில் ஒரு வார்த்தை புரியவில்லை. ஆனால் பேருந்துக்குத் திரும்பி நடக்கும்போது காலுக்குக் கீழே பாறையில் ஒரு சின்னக் கால்வாய் வெட்டியிருப்பதைப் பார்த்தேன். அது வளைந்து கீழே இறங்கி, ஒரு தொட்டியின் வாய்க்குப் போகிறது. நின்று பார்க்க நேரம் கொடுக்கவில்லை. அடுத்த வாரம் தனியாகப் போனேன். அதற்கு அடுத்த வாரமும் போனேன்.

அந்தத் தண்ணீர் ஏற்பாட்டைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

மும்பையில் மழை ஜூனில் தொடங்கி செப்டம்பரோடு போய்விடும். அந்த நான்கு மாதத்தில் 2,000 மில்லிமீட்டருக்கு மேல் கொட்டித் தீர்க்கும். மிச்ச எட்டு மாதம் வானத்தை நம்ப முடியாது. மலைமேலோ முழுக்கப் பாறை. அப்படிப்பட்ட இடத்தில் நூற்றுக்கணக்கான ஆட்கள் வருடம் முழுக்க வாழ வேண்டும் என்றால் என்ன செய்வது? விழுகிற மழையைப் பிடித்து வைக்க வேண்டும். அதைத்தான் செய்திருக்கிறார்கள். மலையின் மேல்பரப்பில் கால்வாய்கள். அவை குகை வாசல்களை நோக்கி இறங்குகின்றன. வாசலோரத்தில் பாறைக்குள்ளேயே குடைந்த தொட்டி.

எங்கள் தொழிலில் வாட்டம் என்று ஒரு வார்த்தை உண்டு. வீடு கட்டியவர்களுக்குத் தெரிந்திருக்கும். குளியலறைத் தரையில் தண்ணீர் தேங்கினால், கொத்தனாரைக் கூப்பிட்டு “வாட்டம் சரியில்லையே” என்போம். நான்கு அங்குலக் கழிவுக் குழாய் போட்டால், பத்தடிக்கு இரண்டிலிருந்து மூன்று அங்குலம் இறக்கம் வைக்க வேண்டும். குறைந்தால் தேங்கும். அதிகமானால் தண்ணீர் முன்னால் ஓடிவிடும், கசடு பின்னால் தங்கிவிடும். எனக்கு ரசமட்டம் இருக்கிறது, தூக்குக்குண்டு இருக்கிறது. தப்பாகிவிட்டால் உடைத்துவிட்டுச் சிமெண்டு வைத்து மறுபடி பூசலாம். பாறையில் அது முடியுமா? உளி கொஞ்சம் கூடுதலாக இறங்கிவிட்டால் இறங்கினதுதான். அப்படி வெட்டிய கால்வாயில் இன்றைக்கும் மழைத் தண்ணீர் தேங்காமல் ஓடித் தொட்டியில் விழுகிறது. இதைச் சொல்லும்போது எனக்கு இப்போதும் உடம்பு சிலிர்க்கிறது. வாட்டம் பார்த்த அந்தக் கை என் தொழில் செய்த கை.

ஆச்சரியமான இன்னொரு விஷயம். இதே காட்டில்தான் விகார் ஏரியும் துளசி ஏரியும் இருக்கின்றன. 1860-இல் விகார், 1879-இல் துளசி. இரண்டும் மும்பைக்குக் குடிநீர் கொடுப்பதற்காக உண்டாக்கியவை. இன்றும் கொடுக்கின்றன. ஆக, அந்த மலைகளில் விழுகிற மழையைப் பிடித்துக் குடிப்பது இரண்டாயிரம் வருடத்துப் பழக்கம்.

சரி, பத்துப் பேர் விஷயத்துக்கு வருகிறேன்.

ஒரு ஆகஸ்ட் மாதம். நல்ல மழை. எங்கள் தெருப் பெரியம்மா ஒருவர், எழுபத்தெட்டு வயது, “நானும் வாறேன்” என்று கிளம்பிவிட்டார். கூட வந்தவர்கள் தயங்கினார்கள். படிகளில் வழுக்கும், வயதானவர், என்ன செய்வது என்று. நான் சொன்னேன், நாம் பத்துப் பேர்தானே, அவர் நடக்கிற வேகத்தில் நாம் நடப்போம். எங்களுக்கு வழிகாட்டி ஒரு மராத்திப் பெண். தொல்லியல் படித்தவள், பழங்காலத்துப் பிராமி எழுத்தைச் சரளமாக வாசிப்பாள். அவள் இந்தியில் சொல்வதை நான் தமிழில் சொல்வேன். அன்றைக்கு அவள், அந்தக் காலத்தில் இந்தப் பக்கத்தை ஆண்ட சாதவாகன அரசர்களைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தாள். பெரியம்மாவுக்கு அதில் மனம் செல்லவில்லை. பாறையில் ஓடுகிற தண்ணீரையே பார்த்துக்கொண்டு நின்றார்.

“ஏ ஐயா, இந்தத் தண்ணி எங்க போவுது?” என்று கேட்டார்.

அதோடு நாங்கள் எல்லோரும் அந்தத் தண்ணீரின் பின்னாலேயே போனோம். வளைகிற இடத்தில் வளைந்தோம். அது ஒரு குகையின் வாசல் தொட்டிக்குள் இறங்கியது. பெரியம்மா அந்தக் குகையைப் பார்த்தார். முன்னால் திண்ணை. உள்ளே ஒரு சின்ன அறை, படுக்கக் கல்மேடை. வெளியே தொட்டி. அடுத்த குகையைப் பார்த்தார். அங்கேயும் திண்ணை, அறை, தொட்டி. அதற்கும் அடுத்ததில் போய்ப் பார்த்தார். திரும்பி வந்து திண்ணையில் உட்கார்ந்துகொண்டு சொன்னார்:

“வீட்டுக்கு ஒரு தொட்டி வச்சிருக்கான் பாத்தியா. வரிசையே கெடையாதுல்லா.”

தாராவியில் குழாயடி வரிசையில் நின்றவர்களுக்கு அந்த வார்த்தை புரியும். விடியற்காலை மூன்று மணிக்குக் குடத்தை வைத்து இடம் பிடித்து, நாற்பது வருடம் நின்றவர் அவர். என் அம்மாவும் அந்த வரிசையில்தான் நின்றார். எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. அந்தப் பெண்ணுக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். அவள் அதன்பிறகு அரசர்களைப் பற்றி ஒன்றும் பேசவில்லை. பெரியம்மா எழுந்திருக்கும்வரை, இருபது நிமிடம் இருக்கும், மழையைப் பார்த்துக்கொண்டு எல்லோரும் அந்தத் திண்ணையிலேயே உட்கார்ந்திருந்தோம். ஐம்பது பேர் வந்திருந்தால் அந்த இருபது நிமிடம் கிடைத்திருக்காது. அதனால்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறேன், பத்துப் பேர். அதற்கு மேல் வேண்டாம்.

அப்புறம் அவள் எங்களை ஒரு கல்வெட்டு முன்னால் நிறுத்தினாள். எழுத்தைப் படம் போட்டுக் காட்ட வானொலியில் வழியில்லை. ‘க’ எழுத்து கூட்டல் குறி மாதிரி, கால் கொஞ்சம் நீண்டிருக்கும் என்று மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். விரலால் தொடாமல், காற்றில் கோடு போட்டு ஒவ்வொரு எழுத்தாக வாசித்தாள். பானிய போடி. பானியம் என்றால் குடிக்கிற தண்ணீர், போடி என்றால் தொட்டி. கொடுத்தவர் கல்யாண் ஊரைச் சேர்ந்த தட்டார், அதாவது பொற்கொல்லர், பெயர் சாமிதத்தர்.

கல்யாண்! நாம் லோக்கல் ரயிலில் தினமும் கேட்கிற அதே கல்யாண். எங்களோடு வந்த ஒரு அக்கா கல்யாணில் குடியிருக்கிறவர். “எங்க ஊரா, எங்க ஊரா” என்று இரண்டு தடவை கேட்டார். இன்னொரு தொட்டி சோபாராக்காரர் கொடுத்தது. இன்றைய நாலாசோபாரா. கல்யாணைச் சேர்ந்த நந்தன் என்ற இரும்புக் கொல்லர் ஒருவர் பாதை அமைத்துக் கொடுத்திருக்கிறார். மழைக்காலத்தில் தங்குகிற துறவிகளின் ஆடைக்கும் செருப்புக்கும் காசு ஒதுக்கியவர்கள் இருக்கிறார்கள். பட்டறையில் உட்கார்ந்து வேலை செய்து சம்பாதித்தவர்கள் தந்த தண்ணீர் அது. பெரியம்மா கேட்டுவிட்டு, “பேரு போட்டுல்லா குடுத்திருக்கான். நல்லா இருக்கட்டும்” என்றார், பக்கத்து வீட்டுக்காரரை வாழ்த்துகிற மாதிரி.

மதுரைக்காரர்கள் கேட்டுக்கொண்டிருந்தால், உங்களுக்கு அழகர்மலை தெரியும். அங்கே கிடாரிப்பட்டிப் பக்கம் மலைக்குகையில் கற்படுக்கைகள், தமிழ் பிராமி எழுத்துகள். அதில் மதுரைப் பொற்கொல்லன் ஆதன் ஆதன் என்று ஒருவர் பெயர் இருக்கிறது. உப்பு வணிகன் இருக்கிறார், கொழு வணிகன் இருக்கிறார். கொழு என்றால் கலப்பையில் மாட்டுகிற இரும்பு. நம் பக்கத்துக் குகைகளில் மழைத் தண்ணீர் உள்ளே வழியாமல் இருக்க, மேலே பாறை நெற்றியில் காடி வெட்டியிருப்பார்கள். அங்கே தண்ணீரை வெளியே தள்ளினார்கள், இங்கே பிடித்து வைத்தார்கள். அங்கே ஒரு தட்டார், இங்கே ஒரு தட்டார். இதை அந்தப் பெண்ணிடம் சொன்னபோது நோட்டில் குறித்துக்கொண்டாள். அடுத்த மாதமே வேறொரு குழுவுக்கு அவளே ஆதன் ஆதனைப் பற்றிச் சொன்னாள்.

இன்னொன்றையும் விடக்கூடாது. 90-ஆம் குகையில் பஹ்லவி எழுத்தில், அதாவது இடைக்காலப் பாரசீக எழுத்தில், கல்வெட்டுகள் இருக்கின்றன. 1009-ஆம் ஆண்டிலும் 1021-ஆம் ஆண்டிலும் பார்சிகள் சில பேராகச் சேர்ந்து வந்து பார்த்துவிட்டு, தேதி போட்டுத் தங்கள் பெயர்களை வரிசையாகப் பொறித்துவிட்டுப் போயிருக்கிறார்கள். ஆயிரம் வருடத்துக்கு முன்னாலேயே அந்த இடம் பார்க்கப் போகிற பழைய இடமாகிவிட்டது. நாம் போவது அவர்கள் போன வழி. ஆனால் தயவுசெய்து நீங்கள் பெயர் எழுதாதீர்கள். சுவரில் சாவியால் கீறியிருப்பதைப் பார்க்கும்போது வயிறு எரிகிறது. பழைய கல்வெட்டின் மேலேயே கீறியிருக்கிறார்கள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து கை காட்டுகிறார்கள், மூன்று நிமிடம்தான் இருக்கிறதாம். மூன்றாம் குகையின் தூண்களைப் பற்றியும், 34-ஆம் குகைக் கூரையில் பாதியில் நின்றுபோன ஓவியத்தைப் பற்றியும், 41-ஆம் குகையில் இருக்கிற பதினோரு தலை அவலோகிதேசுவரர் என்ற போதிசத்துவர் சிலையைப் பற்றியும் சொல்ல வைத்திருந்தேன். நேரில் பார்த்துக்கொள்ளுங்கள்.

போகிறவர்களுக்கு அவசரமாகச் சில விஷயங்கள். திங்கட்கிழமை மூடியிருக்கும். பூங்காவுக்கு ஒரு சீட்டு, குகைகளுக்கு ஒரு சீட்டு, இரண்டும் தனித்தனி. பூங்கா வாசலிலிருந்து குகைகளுக்கு ஆறு கிலோமீட்டருக்குக் குறையாது, நடந்து போகலாம் என்று நினைக்காதீர்கள். காலை சீக்கிரம் போங்கள், இருட்டுவதற்குள் இறங்கிவிடுங்கள். அது சிறுத்தை உலவுகிற காடு. குரங்குகள் இருக்கின்றன, கையில் தின்பண்டம் தெரியும்படி வைத்துக்கொள்ளாதீர்கள். எலுமிச்சை சாதமோ புளியோதரையோ கட்டிக்கொண்டு போனால், மூடிய பைக்குள் வைத்துக்கொள்ளுங்கள். மழைக்காலத்தில் நல்ல பிடிப்புள்ள செருப்பு வேண்டும். வழுக்கும் என்று பயந்து மழையைத் தவிர்க்காதீர்கள். தண்ணீர் ஓடுவதைப் பார்க்க வேண்டுமென்றால் ஜூலையிலோ ஆகஸ்டிலோதான் போக வேண்டும். மழை வலுத்தால் ஓடைப் பக்கம் மட்டும் இறங்காதீர்கள்.

படித்த வழிகாட்டியை வைத்துக்கொள்ளுங்கள். பத்துப் பேர் பகிர்ந்துகொண்டால் பெரிய செலவு இல்லை. அவர் கூலியில் பேரம் பேசாதீர்கள். வீட்டில் வயதானவர்கள் வருகிறேன் என்றால் கூட்டிக்கொண்டு போங்கள்.

போரிவலி ஸ்டேஷனில் கிழக்குப் பக்கம் இறங்க வேண்டும். நிறையப் பேர் மேற்கில் இறங்கி அலைகிறார்கள். கிழக்கு. நன்றி, வணக்கம்.