பக்கத்தில் ஒரு பினோத்

நண்பர்களே, நேராக விஷயத்துக்கு வருகிறேன். 'தேக் ரஹா ஹை பினோத்'. பார்க்கிறாயா பினோத்? இவ்வளவுதான் வசனம். பஞ்ச் இல்லை, எதுகை மோனை இல்லை. ஒரு நடிகர் தொண்டையைச் செருமிக்கொண்டு கைதட்டலுக்காகச் சொல்லும் வரியே இல்லை இது. ஆனால் 2022 மே மாதம் அமேசான் பிரைமில் 'பஞ்சாயத்' என்ற இந்தித் தொடரின் இரண்டாம் சீசன் வந்ததுமே, இந்தி தெரிந்தவர்களின் போன்களில் எல்லாம் இது ஏறி உட்கார்ந்துகொண்டது.

கதை நடப்பது ஃபுலேரா என்ற கற்பனைக் கிராமத்தில். உத்தரப்பிரதேசத்தின் பலியா மாவட்டம் என்று வைத்திருக்கிறார்கள். அங்கே பூஷண் என்று ஒருவர். துர்கேஷ் குமார் நடித்தது. பஞ்சாயத்து ஆபீஸ் எது செய்தாலும் அவருக்கு அதில் ஒரு நொட்டை தெரியும். அசோக் பாடக் நடித்த பினோத், அவர் கூடவே நிற்கிற ஆள். பூஷண் அந்த வசனத்தைச் சொல்வது இவரிடம்தான்.

இங்கே கொஞ்சம் நில்லுங்கள். பூஷணுக்குக் கோபம் எதிரில் நிற்பவர் மேல். ஆனால் பேசுவது பக்கத்தில் நிற்பவரிடம். நம் இலக்கணத்தில் இதற்கு முன்னிலைப் புறமொழி என்று பெயரே இருக்கிறது. பூனையைத் திட்டும் மாமியார் யாரைத் திட்டுகிறார் என்று மருமகளுக்குத் தெரியாதா என்ன! நேரடியாகச் சண்டைக்குப் போகத் துணிவில்லை, சும்மா இருக்கவும் மனமில்லை. அந்த நிலைமைக்கு ஒரு சாட்சி வேண்டும். அந்தச் சாட்சிதான் பினோத்.

மீம் போடுகிறவருக்கு இது அல்வா மாதிரி. படம் மாறுவதில்லை, மேலே உள்ள வரி மட்டும் மாறும். 'வெள்ளிக்கிழமை மாலை 5.55க்கு மேனேஜர்: ஒரு சின்ன கால் பேசலாமா?' என்று போட்டு, கீழே பூஷண் முகத்தை ஒட்டினால் வேலை முடிந்தது. தொடரைப் பார்க்காதவருக்கும் புரியும். 2018இல் வந்த 'சேக்ரட் கேம்ஸ்' தொடரில் கெய்தொண்டே என்ற தாதா தன்னையே கடவுளாக நினைத்துப் பேசுகிற வரியும் மீம் ஆனதுதான். ஆனால் அதற்குச் சொல்கிறவரிடம் கொஞ்சம் மிதப்பு வேண்டும். மிதப்பு எல்லாரிடமும் இருக்காது. புகார் எல்லாரிடமும் இருக்கும்.

இன்னொரு வேடிக்கை. பினோத் என்ற பெயர் 2020இலேயே ஒரு சுற்று வந்துவிட்டது. யூடியூபில் ஒருவர் வெறுமனே 'பினோத்' என்று கமெண்ட் போட, அதை ஒரு சேனல் கிண்டல் செய்ய, நாடே அந்தப் பெயரைத் தட்டித் தள்ளியது. பேடிஎம் கூட ட்விட்டரில் தன் பெயரை பினோத் என்று மாற்றிக்கொண்டது. அந்த பினோத்துக்கும் ஃபுலேரா பினோத்துக்கும் உறவில்லை. ஆனால் பெயர் காதுக்குப் பழகியிருந்தது.

2024இல் இதே தொடர் தமிழில் 'தலைவெட்டியான் பாளையம்' என்று வந்தது. அதைப் பற்றியும் நிறையச் சொல்ல இருந்தேன். அமைப்பாளர் 'நேரமாகிவிட்டது' என்று சீட்டு நீட்டுகிறார். சரி. முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் தம்பி, பார்க்கிறாயா?