வேலி இல்லாத வயல்கள்: லாக்ஸ்டன் கிராமம் இன்னும் நடத்தும் ஊர் நீதிமன்றம்

[திரையில்: குளிர்காலக் காலை. கோதுமை முளைவிட்டிருக்கும் பெரிய வயல், நடுவில் வேலியே இல்லை. விவசாயிகள் சிலர் நடந்து போகிறார்கள்.]

இங்கிலாந்தின் நாட்டிங்ஹாம்ஷயரில் லாக்ஸ்டன் என்று ஒரு சின்ன கிராமம். குளிர்காலத் தொடக்கத்தில் இந்த ஊர் விவசாயிகளில் ஒரு குழு, கோதுமை விதைத்த வயலைச் சுற்றி வருகிறது. யாராவது தன் நிலத்தைத் தாண்டிப் பொதுப் பாதையை உழுதிருக்கிறார்களா என்று பார்த்து, எல்லை கலைந்த இடத்தில் முளைக்குச்சி அடிக்கிறார்கள். இவர்கள் அரசு அதிகாரிகள் இல்லை. ஊர் நீதிமன்றத்தின் ஜூரி. தவறு செய்தவர் பக்கத்து வீட்டுக்காரராகவே இருந்தாலும் அபராதம் உண்டு.

[திரையில்: பழைய வரைபடம். நீளநீளமான நிலத் துண்டுகள்.]

1086-இல் எழுதப்பட்ட, இங்கிலாந்து அரசரின் நிலக் கணக்கெடுப்பான டூம்ஸ்டே பதிவேட்டிலேயே லாக்ஸ்டன் இருக்கிறது. ஆனால் ஊரைப் புரிந்துகொள்ள 1635-ஆம் ஆண்டு வரைபடம்தான் உதவும். மார்க் பியர்ஸ் என்ற நில அளவையாளர் வரைந்தது, இப்போது ஆக்ஸ்ஃபோர்டின் பாட்லியன் நூலகத்தில் இருக்கிறது. ஊரைச் சுற்றிப் பெரிய வயல்கள். ஒவ்வொன்றும் குறுகலான துண்டுகளாகப் பிரிந்திருக்கிறது. ஒரு குடும்பத்தின் நிலம் ஒரே இடத்தில் இல்லை. இங்கே ஒரு துண்டு, அங்கே ஒரு துண்டு. அதனால் நல்ல மண்ணும் மோசமான மண்ணும் எல்லோருக்கும் கலந்தே கிடைத்தது.

இதில்தான் விஷயமே இருக்கிறது. வேலி இல்லாத வயலில் ஒருவர் மட்டும் தன் இஷ்டத்துக்குப் பயிர் வைக்க முடியாது. அறுவடை முடிந்ததும் ஊர் ஆடுமாடுகள் அந்த வயலில் மேயும். அப்போது ஒருவருடைய துண்டில் மட்டும் பயிர் நின்றால் அவ்வளவுதான். ஆகவே ஒரு வயலில் குளிர்காலக் கோதுமை, இன்னொன்றில் வசந்தகாலப் பயிர், மூன்றாவது தரிசு என்று மூன்றாண்டுச் சுழற்சியை ஊரே சேர்ந்து தீர்மானித்தது. எப்போது விதைப்பது, எப்போது மாட்டை அவிழ்த்து விடுவது என்பதெல்லாம் கூட்டு முடிவு. அதை மீறுபவரை விசாரிக்கத்தான் கோர்ட் லீட் என்ற ஊர் நீதிமன்றம்.

[திரையில்: தெருவோரம் வரிசையாகப் பண்ணை வீடுகள்.]

ஊரின் அமைப்பிலும் இது தெரியும். நிலம் நாலா பக்கமும் சிதறிக் கிடப்பதால் பண்ணை வீடுகள் எல்லாம் தெருவை ஒட்டியே இருக்கின்றன. மற்ற பல ஊர்களில் 18, 19-ஆம் நூற்றாண்டுகளில் நாடாளுமன்றச் சட்டங்கள் மூலம் பொது வயல்களுக்கு வேலி போட்டுத் தனித்தனியாகப் பிரித்துவிட்டார்கள். பல விவசாயிகள் தங்கள் நிலத்தின் நடுவிலேயே வீடு கட்டிப் போய்விட்டார்கள். மேய்ச்சல் உரிமையை மட்டும் நம்பியிருந்த ஏழைகளுக்கு இது பெரிய அடி. லாக்ஸ்டனிலும் கொஞ்சம் நிலத்துக்கு வேலி வந்தது. ஆனால் திறந்த வயல்கள் முழுதாக மறையவில்லை. 20-ஆம் நூற்றாண்டில் சிறு துண்டுகளை இணைத்துப் பெரிதாக்கினார்கள்.

[திரையில்: டவ்காட் இன் மதுக்கடை.]

சரி, நீதிமன்றம் எங்கே கூடுகிறது? ஊரின் டவ்காட் இன் மதுக்கடையில். ஜூரி வயலைப் பார்த்து வந்த அடுத்த வாரம் கூடி, அபராதத்தை முடிவு செய்து, அடுத்த ஜூரிக்குப் பதவிப் பிரமாணம் செய்து வைப்பார்கள். 1977-இல் இங்கிலாந்தின் இத்தகைய பழைய நீதிமன்றங்களின் அதிகாரத்தைச் சட்டம் நீக்கியபோது, லாக்ஸ்டனுக்கு மட்டும் விலக்கு அளித்தது. பழம்பெருமைக்காகக் கொடுத்த சலுகை என்று நான் நினைக்கவில்லை. அது உண்மையிலேயே வேலை செய்துகொண்டிருந்தது.

1952-இல் ஊரின் நில உரிமையாளரான மேன்வர்ஸ் பிரபு அதை வேளாண் அமைச்சகத்துக்கு விற்றார். 1981-இல் அது, முடியாட்சியின் சொத்துகளை நிர்வகிக்கும் கிரவுன் எஸ்டேட்டுக்குப் போனது. 2020-இல் அந்தப் பிரபு குடும்பத்தின் தோரஸ்பி எஸ்டேட்டே திரும்ப வாங்கிக்கொண்டது. உரிமையாளர் மாறினாலும் ஜூரி முறை மாறவில்லை. எனக்குக் கவலை வேறு இடத்தில்: பண்ணைகளின் எண்ணிக்கை குறைந்துகொண்டே வந்திருக்கிறது. வயல்களையும் வரைபடத்தையும் பாதுகாத்துவிடலாம், ஆனால் ஜூரியில் உட்கார உழுகிற ஆட்கள் வேண்டும். இந்த ஊருக்கு இப்போது முதல் தேவை, காலியாகும் பண்ணைகளைக் குத்தகைக்கு எடுக்க வரும் இளம் குடும்பங்கள்.