படிகத்துக்குள் ஒளி தாமதிக்கிறது. கடிகாரமும் தாமதிக்குமா?

[திரை: வைரத்துக்குள் நுழையும் ஒற்றை ஒளிக்கற்றை]

ஒரு கோட்பாடு சொல்கிறோம். கற்பனைதான், ஆனால் கேட்டவுடன் தலையாட்டத் தோன்றும். படிகத்துக்குள் போனால் ஒளியின் வேகம் குறைகிறது. ஒளியும் காலமும் பிணைந்தவை என்கிறது சார்பியல். ஆகவே படிகத்துக்குள் காலமே மெதுவாக ஓடுகிறது!

முதல் வாக்கியம் சரி. இரண்டாவதும் ஏறக்குறைய சரி. ஓட்டை மூன்றாவதில் இருக்கிறது.

முதலில் அளவைப் பார்த்துவிடலாம். வெற்றிடத்தில் ஒளி நொடிக்கு 2,99,792 கி.மீ. போகும். வைரத்தின் ஒளிவிலகல் எண், அதாவது உள்ளே ஒளி எத்தனை மடங்கு மெதுவாகிறது என்பது, 2.42. வகுத்தால் சுமார் 1,24,000 கி.மீ. ஒரு செ.மீ. வைரத்தைக் கடக்க ஒளிக்குக் கூடுதலாகும் நேரம் 47 பிக்கோநொடி. ஒரு நொடியை லட்சம் கோடியாகப் பிரித்தால் அதில் 47 துண்டு.

[திரை: வெள்ளைத் தாளில் புள்ளி, மேலே கால்சைட்]

இப்போது கோட்பாட்டைச் சோதிக்க கால்சைட் என்ற கனிமப் படிகம். இயல்பாகப் பிளந்த, தெளிவான, 1 செ.மீ. தடிமன் துண்டு போதும். தாளில் கூரான பேனாவால் ஒரு புள்ளி வையுங்கள். மேலே படிகத்தை வைத்தால் புள்ளி இரண்டாகத் தெரியும். இடைவெளி தடிமனில் ஏறக்குறைய ஒன்பதில் ஒரு பங்கு, அதாவது 1 மி.மீ. சொச்சம். புள்ளி அதைவிடப் பெரிதானால் இரண்டும் ஒட்டிக்கொண்டு ஒரே கறையாகத் தெரியும். புள்ளியைச் சிறிதாக்கியும் இரண்டாகவில்லை என்றால், உங்களிடம் இருப்பது கண்ணாடித் துண்டாக இருக்கலாம்.

போலரைஸ்டு குளிர்கண்ணாடி (ஒரு திசையில் அதிரும் ஒளியை மட்டும் விடுவது) ஒன்றைக் கண்ணுக்கும் படிகத்துக்கும் நடுவே பிடித்து மெல்லச் சுழற்றுங்கள். ஒரு புள்ளி மறையும். இன்னும் 90 பாகை சுழற்றினால் அது வந்து மற்றது மறையும். சினிமா முப்பரிமாணக் கண்ணாடியில் இது பெரும்பாலும் நடக்காது. அது ஒளியின் அதிர்வுத் திசை சுழலும் வட்ட முனைவாக்க வகை. திருப்பி, கண் பக்கம் படிகத்தைப் பார்க்கும்படி பிடித்தால் வேலை செய்யும்.

இந்த இரண்டு புள்ளிகளும் இரண்டு வேகங்களின் விளைவு. ஒளி அலை ஒரு திசையில் அதிர்ந்தால் கால்சைட்டின் ஒளிவிலகல் எண் 1.658. அதற்குச் செங்குத்தாக அதிர்ந்தால் 1.486 வரை இறங்கும். ஒளியின் வேகம்தான் காலத்தின் வேகம் என்றால், ஒரே கல்லில், ஒரே இடத்தில், ஒரே கணத்தில் இரண்டு காலங்கள் ஓட வேண்டும். அங்கே இருக்கும் கால்சியம் அணு எந்தக் காலத்தைப் பின்பற்றும்? கோட்பாடு இங்கேயே தடுமாறிவிடுகிறது.

[திரை: லேசர் தண்டு]

அப்படியும் விடாதவர்களுக்கு, படிகத்துக்குள்ளேயே ஒரு கடிகாரம் வைப்போம். நியோடிமியம் என்ற உலோகத்தின் அயனி (மின்னேற்றம் பெற்ற அணு) அதற்கு ஏற்றது. அது உமிழும் ஒளியின் அதிர்வெண்தான் அதன் டிக்-டிக். யாக் எனப்படும் லேசர் படிகத்தில் அதை வைத்தால் 1064 நானோமீட்டர் அலைநீள ஒளி வருகிறது. அங்கே ஒளிவிலகல் எண் 1.82. இட்ரியம் லித்தியம் ஃபுளூரைடு என்ற இன்னொரு படிகத்தில் வைத்தால் எண் சுமார் 1.45, ஒளி 1053 நானோமீட்டர். காலம் ஒளிவிலகல் எண்ணோடு நீண்டிருந்தால் இரண்டுக்கும் 25% வித்தியாசம் வந்திருக்க வேண்டும். வந்தது 1%தான். அதுவும் பக்கத்து அணுக்களின் மின்புலம் செய்யும் வேலை.

"சரி, ஒளியைப் படிகத்தில் நிறுத்தியே விட்டார்களே?" என்று கேட்கலாம். உண்மைதான். 2013இல் ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் ஒரு நிமிடம் நிறுத்தினார்கள். அந்த நேரத்தில் ஒளி நிலவுக்கு 23 தடவை போய்த் திரும்பியிருக்கும்.

[திரை: இரண்டு லேசர் கற்றைகள், மாதிரி அசைபடம்]

பிரசியோடிமியம் என்ற உலோகத்தின் அயனிகள் கலந்த இட்ரியம் சிலிகேட் படிகத்தைக் கடுங்குளிரில் வைக்கிறார்கள். அந்த அயனிகள் உறிஞ்சும் நிறத்தில் ஒளி விட்டால் அது ஊடுருவாது. கட்டுப்பாட்டு லேசர் ஒன்றைப் போட்டதும் அதே படிகம் ஒளி ஊடுருவும்படி மாறுகிறது. இரண்டாவது லேசரின் துடிப்பு உள்ளே நுழைந்து, மிக மெதுவாகி, நீளம் சுருங்குகிறது. அப்போது கட்டுப்பாட்டு லேசரை அணைத்தால் துடிப்பின் வடிவம் அயனிகளின் சுழற்சியில் (ஸ்பின் எனும் குட்டிக் காந்தத் தன்மையில்) பதிந்துவிடும். மறுபடி போட்டால் ஒளியாக வெளியேறும். நிறுத்திய இடைவேளையில் உள்ளே ஒளி இல்லை, பதிவு மட்டுமே. "ஒளி உறைந்தது" என்று தலைப்பு போடுபவர்கள் இதைச் சொல்வதில்லை.

இந்தப் பதிவு கெடுவதும் எளிது. அக்கம்பக்கத்து அணுக்கருக்கள் சிறு காந்தங்களாகப் புரண்டுகொண்டே இருப்பதால் சுழற்சிகள் தாளம் தப்பும். அதனால் வெளிக் காந்தப்புலத்தை, சிறு மாற்றங்கள் அயனியைப் பாதிக்காத ஒரு புள்ளியில் நிறுத்தி, ரேடியோ துடிப்புகளால் தாளத்தைத் திரும்பத் திரும்பச் சரிசெய்தார்கள். அந்த ஒரு நிமிடமும் படிகம் வெளியுலகின் நிமிடத்தைத்தான் வாழ்ந்தது.

[திரை: உயர்ந்த கோபுரத்தின் குறுக்குவெட்டு]

காலம் உண்மையிலேயே வளைவது ஈர்ப்பில். அதை முதன்முதலில் தரையில் அளந்ததும் படிக உதவியோடுதான். 1960இல் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் இயற்பியலாளர்கள் பவுண்டும் ரெப்காவும் 22.5 மீட்டர் உயரத்தில் காமா கதிரை மேலும் கீழும் அனுப்பினார்கள். கதிரை விடும் இரும்பு-57 அணுக்கருதான் இங்கே கடிகாரம், கதிரின் அதிர்வெண் அதன் டிக்-டிக். அது தனியாக இருந்தால் துப்பாக்கிபோல் பின்னுக்கு உதைக்கும், அதிர்வெண் பிசகும். படிகக் கட்டுக்குள் இருந்தால் பல தடவை உதையை முழுப் படிகமே தாங்கிக்கொள்ளும், கதிர் துல்லியமாக வரும். மோஸ்பவர் விளைவு இதுதான். வழியில் காற்று கதிரை விழுங்காமலிருக்க ஹீலியம் நிரப்பிய பை வைத்தார்கள். மேலே உள்ள கடிகாரம் கீழே உள்ளதைவிட ஆண்டுக்குச் சுமார் 78 நானோநொடி முந்தும் என்பது கணிப்பு. அளவீடு 10% பிழை வரம்புக்குள் பொருந்தியது.

ஆனால் அளவீட்டைக் கவிழ்க்கக்கூடிய ஒன்று கூடவே இருந்தது. வெப்பநிலை. சூடான படிகத்தில் அணுக்கள் வேகமாக அதிரும். வேகமாக அசையும் கடிகாரம் மெதுவாக ஓடும், அது சிறப்புச் சார்பியல். மேல் இரும்புக்கும் கீழ் இரும்புக்கும் ஒரே ஒரு டிகிரி வித்தியாசம் இருந்தால் போதும், ஆண்டுக்குச் சுமார் 70 நானோநொடி பிசகு. கோபுரம் முழுவதன் ஈர்ப்பு விளைவுக்கு ஏறக்குறைய சமம். அதனால் இரண்டு முனைகளின் வெப்பநிலையையும் கவனித்துத் திருத்தினார்கள், மேலிருந்து கீழும் கீழிருந்து மேலும் மாற்றி அளந்து கழித்தார்கள்.

ஆக, படிகத்துக்குள் கடிகாரம் தாமதிக்கத்தான் செய்கிறது. ஒளி மெதுவாவதால் அல்ல, கல் சூடாவதால். அதற்கு ஒளியே தேவையில்லை, விளக்கை அணைத்துவிட்டாலும் நடக்கும்.