முப்பத்தைந்து கூடையும் ஒரு பூனையும்

நாகர்கோவில் வானொலி நேயர்களுக்கு வணக்கம்.

பள்ளிக்கூடப் பிள்ளைகள் இருக்கும் வீட்டில் ரேமண்ட், ரேமண்ட் என்று பேச்சு அடிபட்டால் துணிக்கடை என்று நினைத்துவிடாதீர்கள். அது ஒரு பூனை. சாம்பல் நிறம், மூக்குக்கண்ணாடி, ஒரு கண் பச்சை, மறு கண் பழுப்பு. நிண்டெண்டோ ஸ்விட்ச் கருவியில் ஆடும் 'அனிமல் கிராசிங்: நியூ ஹொரைசன்ஸ்' என்ற விளையாட்டில் வரும் பாத்திரம். 2020 மார்ச் 20-ம் தேதி அந்த விளையாட்டு வெளிவந்தது. அடுத்த ஐந்தே நாளில் நம் நாட்டில் ஊரடங்கு தொடங்கியது. வளைகுடாவில் இருக்கும் சித்தப்பா, மாமா வழியாக மார்த்தாண்டம், தக்கலை பக்கத்து வீடுகளுக்கும் ஸ்விட்ச் வந்து சேர்ந்திருக்கிறது. எனவே இந்தப் பூனையைப் பிடிப்பது எப்படி என்பதை இன்று கொஞ்சம் கணக்கோடு பார்க்கலாம்.

தெரியாதவர்களுக்கு இரண்டு வரி. ஆளில்லாத தீவில் நீங்கள் குடியேறுகிறீர்கள். மீன் பிடிக்கலாம், மரம் நடலாம், வீடு கட்டலாம். உங்களோடு பேசும் விலங்குகள் அக்கம்பக்கத்தில் குடியிருக்கும். அவர்களுக்கு வில்லேஜர் என்று பெயர். ஒரு தீவில் பத்துப் பேருக்குத்தான் இடம். 2021 நவம்பரில் வந்த 2.0 அப்டேட்டோடு சேர்த்தால் மொத்தம் 413 வில்லேஜர்கள். அவர்களில் பிடித்த பத்துப் பேரைத் தேடிப் பிடிப்பதைத்தான் வில்லேஜர் வேட்டை என்கிறார்கள்.

பிள்ளைகள் பலரும் முதலில் நம்புவது, ரேமண்ட் அபூர்வமான பாத்திரம், விளையாட்டே அவனை ஒளித்துவைத்திருக்கிறது என்பது. அப்படி எதுவும் இல்லை. விளையாட்டுக்கு அபூர்வம் என்ற கணக்கே கிடையாது. ஆடுகிறவர்களுக்குப் பிடித்துப்போனதால் அவனுக்குக் கிராக்கி. கிடைப்பது கடினமாக இருப்பதற்குக் காரணம் வேறு, அவன் பூனையாகப் பிறந்ததுதான்.

இதைத் தோவாளைப் பூச்சந்தையை வைத்துச் சொல்லிவிடுகிறேன். உங்கள் முன்னால் முப்பத்தைந்து கூடைகள். கண்ணைக் கட்டிக்கொண்டு முதலில் ஒரு கூடையைத் தொடவேண்டும். பிறகு அந்தக் கூடைக்குள் கைவிட்டு ஒரு பூவை எடுக்கவேண்டும். எல்லாக் கூடைக்கும் சம வாய்ப்பு. ஆனால் ஒரு கூடையில் நாலே பூ, இன்னொன்றில் இருபத்து மூன்று. ஒரு டிக்கெட் கொடுத்து விமானம் ஏறி வேறொரு தீவுக்குப் போனால் அங்கே ஒரு வில்லேஜர் நிற்பார், அவரை உங்கள் தீவுக்கு அழைக்கலாம். இந்தத் தீவுப் பயணத்தில் விளையாட்டு வில்லேஜரைத் தேர்ந்தெடுப்பது இப்படித்தான். விலங்கினங்கள் 35. முதலில் இனம், பிறகு அந்த இனத்துக்குள் ஆள். ஆக்டோபஸ்கள் மொத்தம் நாலு பேர்: மரீனா, ஜக்கர், ஆக்டேவியன், 2.0-வில் வந்த செபலோபாட். பூனைகள் 23 பேர்.

இப்போது பெருக்கிப் பாருங்கள். குறிப்பிட்ட ஓர் ஆக்டோபஸ் வர 140-ல் ஒரு வாய்ப்பு. ரேமண்ட் வர 805-ல் ஒரு வாய்ப்பு. ஐம்பது டிக்கெட் கையில் வைத்துக்கொண்டு போனால் ரேமண்ட் கண்ணில் படும் வாய்ப்பு நூற்றுக்கு ஆறு. நூறு டிக்கெட் என்றாலும் பன்னிரண்டைத் தொடாது. பாதிக்குப் பாதி வாய்ப்பு வேண்டுமானால் ஏறத்தாழ 558 டிக்கெட் வேண்டும். ஜக்கருக்கு அதே பாதி வாய்ப்பு 97 டிக்கெட்டில் வந்துவிடும். ஏதாவது ஓர் ஆக்டோபஸ் போதும் என்றால் 24. இதில் இன்னொரு நுட்பம் உண்டு. ஏற்கெனவே உங்கள் தீவில் குடியிருப்பவர் பயணத்தில் மறுபடி வரமாட்டார். ஆகவே தீவில் ஒரு பூனை இருந்தால் கூடையில் மீதி 22. வித்தியாசம் சின்னதுதான், கணக்குக்குச் சொன்னேன்.

டிக்கெட் வாங்குவது மைல்ஸ் என்ற விளையாட்டுப் புள்ளிகளைக் கொடுத்துத்தான். இவ்வளவு டிக்கெட்டுக்கு வேண்டிய மைல்ஸுக்கு எங்கே போவது? ரெசிடென்ட் சர்வீசஸ் என்ற தீவு அலுவலகத்தில் ஏ.டி.எம். போல ஓர் இயந்திரம் நிற்கும். அதில் ஒரு நூக் மைல்ஸ் டிக்கெட் 2,000 மைல்ஸ். 97 டிக்கெட்டுக்கு 1,94,000. தினமும் அந்த இயந்திரத்தைத் தொட்டாலே போனஸ் உண்டு. விடாமல் வந்தால் ஏழாம் நாளிலிருந்து நாளுக்கு 300. இடையில் ஒருநாள் விட்டுப்போனால் மறுபடி அடியிலிருந்து தொடங்கும். இதை மட்டும் நம்பினால் ஒரு டிக்கெட்டுக்கு ஒரு வாரம் ஆகும். உண்மையான வருமானம் நூக் மைல்ஸ் பிளஸ் என்ற சில்லறை வேலைகளில்தான்: ஐந்து மீன் பிடி, மூன்று பேரோடு பேசு, ஒரு போட்டோ எடு என்று ஐந்து வேலைகள் எப்போதும் விளையாட்டுக்குள் இருக்கும் போனில் நிற்கும். ஒன்று முடிந்தால் அடுத்தது வரும். அன்றன்று முதல் ஐந்துக்கு இரட்டிப்பு மைல்ஸ். எனவே ஒரே நாளில் நாலு மணி நேரம் உட்காருவதைவிட தினம் அரை மணி நேரம் ஆடுகிறவருக்குத்தான் லாபம். இதைப் பெற்றோர்களும் கவனிக்கலாம்.

அண்ணன் தம்பி இரண்டு பேருக்கு ஒரே ஸ்விட்ச் என்றால் தீவும் ஒன்றே. ஆனால் மைல்ஸ் ஆளுக்குத் தனித்தனி. இரண்டு பேரும் சம்பாதித்து, டிக்கெட்டைத் தரையில் போட்டு ஒருவர் மற்றவருக்குக் கொடுத்துவிடலாம். புதிய வில்லேஜர் வீட்டுக்கு மனை வாங்குவது மட்டும் தீவில் முதலில் குடியேறிய பிரதிநிதி கையில்தான் இருக்கும்.

மனைக்கு வருவோம், அதிகம் பேர் தடுக்கி விழுவது இங்கேதான். காலி மனை இல்லாமல் டிக்கெட்டைக் கிழித்தால் போகிற தீவில் வில்லேஜர் யாரும் இருக்கமாட்டார். மரமும் கல்லும்தான் மிஞ்சும். பத்து வீடு நிறையாத தீவு என்றால் தீவு அலுவலகத்தை நடத்தும் டாம் நூக்கிடம், விளையாட்டுப் பணமான பெல்ஸில் 10,000 கட்டி மனை போடலாம். பத்தும் நிறைந்துவிட்டால் யாராவது வெளியேறினால்தான் உண்டு. வெளியேற நினைப்பவர் தலைக்குமேல் யோசனைக் குமிழி மிதக்கும். போய்ப் பேசி, போகச் சொன்னால் மறுநாள் வீட்டுக்குள் அட்டைப்பெட்டி அடுக்கிவிடுவார். அதற்கடுத்த நாள் மனை காலி. அந்த ஒருநாள்தான் உங்கள் வேட்டை நாள்.

இந்த விளையாட்டில் நாள் மாறுவது நள்ளிரவில் இல்லை, காலை 5 மணிக்கு. மனை காலியான அன்றே ஆளைக் கூட்டிவராவிட்டால், மறுநாள் 5 மணி தாண்டிப் பார்க்கும்போது விற்கப்பட்டது என்று பலகை நிற்கலாம். விளையாட்டே யாரையோ குடிவைத்திருக்கும். காலி மனையோடு இணையத்தில் நண்பர்களோடு ஆடுவது இன்னும் மோசம். அவர்கள் தீவிலிருந்து கிளம்பிய ஆள் உங்கள் மனையில் வந்து உட்கார்ந்துவிடுவதும் உண்டு. வேட்டை முடியும்வரை ஏர்போர்ட் கதவை நண்பர்களுக்குத் திறக்காதீர்கள்.

பிடிக்காத ஆளை விரட்டப் பிள்ளைகள் செய்யும் வேலைகளுக்குக் கணக்கில்லை. பூச்சி வலையால் மண்டையில் அடிப்பது, நாலு பக்கமும் குழி தோண்டிச் சிறைவைப்பது, தீவு அலுவலக உதவியாளர் இசபெல்லிடம் புகார் கொடுப்பது. எதுவும் பலிக்காது. புகார் கொடுத்தால் அந்த வில்லேஜரின் உடையும் பேச்சும் பழையபடி மாறும், அவ்வளவுதான். குமிழி வரும்வரை காத்திருப்பது ஒரு வழி. ஸ்விட்ச் கடிகாரத்தை முன்னால் தள்ளி நாளைக் கடத்துவது இன்னொரு வழி. அதில் தப்பில்லை, ஆனால் ஞாயிற்றுக்கிழமை வாங்கிய டர்னிப் கிழங்கு கையில் இருக்கும்போது கடிகாரத்தைப் பின்னால் திருப்பினால் மொத்தமும் அழுகிவிடும்.

பயணத்துக்குக் கட்டாயம் வேண்டியவை இரண்டு: ஆறு தாண்டும் கோலும், மேடு ஏற ஏணியும். வில்லேஜர் ஆற்றுக்கு அக்கரையிலோ பாறை மேட்டிலோ நின்றால் இவை இல்லாமல் அவரிடம் போக முடியாது, டிக்கெட் வீண். ஏர்போர்ட் கவுன்ட்டரில் இருக்கும் ஆர்வில் ஒவ்வொரு முறையும் அதே வசனத்தை ஒப்பிப்பான். பி பட்டனை அழுத்திக்கொண்டே இருங்கள். இறங்கியதும் மரத்தை உலுக்காதீர்கள், பூவைப் பறிக்காதீர்கள். போய் வர நாலு நிமிடம் என்று வைத்தாலே ஐம்பது டிக்கெட்டுக்கு மூன்று மணி இருபது நிமிடம் ஆகிறது. தூரத்திலிருந்தே காதையும் வாலையும் பாருங்கள். முக்கோணக் காது பூனை. சுருண்டு மேலே நிற்கும் வால் அணில். "அண்ணே, இங்கயும் தவளதான் நிக்கு" என்றால் பேசாமல் திரும்பி விமானத்துக்கு நடக்கவேண்டியதுதான். போன தீவுக்கு மறுபடி போக முடியாது. எனவே "இவள் பரவாயில்லையோ" என்று தோன்றினால் அங்கேயே முடிவெடுங்கள். அழைப்பது என்றால் சம்மதம் சொல்லும்வரை பேசி, ஊர் திரும்பி, மனையில் பலகை மாறியிருக்கிறதா என்று பார்த்து, சேவ் செய்யுங்கள்.

2.0-வில் கேப்பன் என்பவரின் படகுப் பயணம் வந்தது. 1,000 மைல்ஸ், நாளுக்கு ஒருமுறை. விலை பாதி என்று அதில் ஏறிவிடாதீர்கள். அங்கே செடியும் பொருளும் கிடைக்கும், வில்லேஜர் கிடைக்கமாட்டார்.

உங்கள் தீவில் விருந்தாளி வந்து தங்கும் கூடார இடம் கேம்ப்சைட். அதன் கணக்கு வேறு. கூடாரத்துக்கு வரும் விருந்தாளியைத் தேர்ந்தெடுக்கும்போது விளையாட்டு இனத்தைப் பார்ப்பதில்லை, குணத்தைப் பார்க்கிறது. குணங்கள் எட்டு. சோம்பேறி, உடற்பயிற்சிப் பித்து, சிடுமூஞ்சி, மிடுக்கன் என ஆண்களுக்கு நாலு. சாது, துறுதுறு, பந்தாக்காரி, அக்கா என பெண்களுக்கு நாலு. உங்கள் தீவில் எந்தக் குணம் இல்லையோ அதற்கு முன்னுரிமை. ரேமண்ட் மிடுக்கன். தீவில் மிடுக்கனைத் தவிர ஏழு குணமும் இருக்கும்படி வைத்துக்கொண்டால் கூடாரத்துக்கு வருகிறவர் மிடுக்கனாகவே இருப்பார். மிடுக்கர்கள் முப்பதுக்கும் மேல். அவர்களில் ஒருவன் ரேமண்ட். 805-ஐவிட இது எவ்வளவோ மேல். ஆனால் விருந்தாளி தினமும் வருவதில்லை, அதுதான் குறை. வந்தவரிடம் பலமுறை பேசினால் சீட்டாட்டம் ஒன்றுக்குக் கூப்பிடுவார், ஜெயித்தால் குடிவரச் சம்மதிப்பார். பத்து வீடும் நிறைந்திருந்தால் யாருக்குப் பதிலாக வருவது என்று அவரே ஒரு பெயரைச் சொல்வார். அது உங்கள் செல்லப் பெயராக இருந்தால் மறுத்துவிடுங்கள். புதிதாகக் கட்டிய கேம்ப்சைட்டுக்கு வரும் முதல் விருந்தாளி மட்டும் விதிவிலக்கு. பிடித்தாலும் பிடிக்காவிட்டாலும் அவரை எடுத்தால்தான் விளையாட்டு நகரும்.

அதிர்ஷ்டத்தை நம்பாமல் நேராக ஆளைக் கூப்பிடும் வழி அமீபோ கார்டு. கார்டுக்குள் சிறிய சிப் இருக்கிறது. அதே ஏ.டி.எம். இயந்திரத்தில் அமீபோவைத் தேர்ந்தெடுத்து, ஜாய்கான் என்ற கைப்பிடிகளில் வலதுபக்கத்தின் குச்சியின்மேல் கார்டை வைக்கவேண்டும். ஸ்விட்ச் லைட்டிலும் வலது குச்சிதான். ப்ரோ கன்ட்ரோலரில் நடுவில் இருக்கும் சின்னத்தின்மேல். அன்று அவர் கூடாரத்துக்கு வருவார், ஒரு பொருள் செய்து தரச் சொல்வார். இப்படி மூன்று நாள். மூன்றாம் நாள் குடிவரச் சம்மதிப்பார். யாருக்குப் பதிலாக என்பதை இங்கே நீங்களே தேர்ந்தெடுக்கலாம், இந்த முறையின் பெரிய லாபம் அதுதான். ரேமண்ட், ஜூடி, ஷெர்ப் உள்ளிட்ட எட்டுப் பேருக்கு முதலில் கார்டே இல்லை. 2021 நவம்பரில் வந்த ஐந்தாம் வரிசையில்தான் வந்தது. அதுவரை ரேமண்டின் பெயரைச் சொல்லி நடந்த பேரம் கொஞ்சநஞ்சமல்ல.

இதற்கு நேர்மாறாக, டிக்கெட் பயணத்தில் வராமல் கார்டு வழியே வருகிறவர்களும் உண்டு. ஹலோ கிட்டியை உருவாக்கிய சான்ரியோ நிறுவனத்தோடு சேர்ந்து வந்த ஆறு பேர்: ரில்லா, மார்ட்டி, எத்வால், சாய், செல்சி, டோபி. இவர்களுக்காக டிக்கெட் சேர்ப்பது பைசாவுக்குப் பிரயோஜனமில்லை. ஆயிரம் தீவு போனாலும் வரமாட்டார்கள். அபூர்வம் என்ற சொல்லை யாருக்காவது கொடுக்கவேண்டும் என்றால் இந்த ஆறு பேருக்குக் கொடுங்கள். மற்ற வரிசைகளின் ஒரிஜினல் பாக்கெட்டுக்குள் யார் கார்டு இருக்கிறது என்று வெளியே தெரியாது. மலிவாக விற்கும் போலிக் கார்டுகளில் சில கருவியில் படிக்காமலே போகும்.

கடைசி வழி, அடுத்தவர் தீவில் பெட்டி கட்டியவரைக் கூட்டிவருவது. அந்தத் தீவுக்காரர், தன் தீவுக்குள் நுழைவதற்கான டோடோ கோட் என்ற ஐந்து எழுத்துக் குறியீட்டைத் தருவார். உங்களிடம் காலி மனையும் ஆன்லைன் சந்தாவும் இருக்கவேண்டும். பெட்டிகளுக்கு நடுவில் நிற்பவரிடம் பேசி அழைத்துவிட்டு, ஏர்போர்ட் வழியாக முறையாகத் திரும்ப வேண்டும். நடுவில் ஒருவர் இணைப்பு அறுந்தாலும் எல்லாரும் கடைசி சேவுக்குத் தள்ளப்படுவார்கள், அழைத்ததும் இல்லாமல் போகும். நம் மாவட்டத்துக்கு ஆனியிலும் மழை, ஐப்பசியிலும் மழை. குலசேகரம், பேச்சிப்பாறைப் பக்கம் இடி இடித்தால் நெட் போவது புதிதல்ல. மேகம் கறுத்திருக்கும் மாலையில் இந்த வேலையை வைத்துக்கொள்ளாதீர்கள். ஸ்விட்சில் முழு சார்ஜ் ஏற்றிவையுங்கள், மோடத்துக்கு மின்சாரம் போனால் மொபைல் ஹாட்ஸ்பாட்டைத் தயாராக வையுங்கள். வில்லேஜருக்கு ஜிபேயில் பணம் அனுப்பு என்று முன்பின் தெரியாதவர் யாராவது கேட்டால் பிள்ளைகள் அந்த இடத்திலேயே வீட்டில் சொல்லவேண்டும். பேரம் விளையாட்டுக்குள் இருக்கும் டிக்கெட்டோடு நிற்கட்டும்.

வணக்கம்.