பங்காளிகள் ஆடிய ஆட்டம்

நேயர்களுக்கு வணக்கம்.

ஒரு சின்னக் கணக்கோடு ஆரம்பிக்கிறேன். கூடைப்பந்து ஆட்டம் ஒன்று. ஒரு அணி 29 கூடை போடுகிறது. எதிரணி போட்டது 22. மூன்று புள்ளிக் கோடெல்லாம் அன்றைக்குக் கிடையாது, எங்கிருந்து போட்டாலும் இரண்டு புள்ளிதான். அப்படியானால் 29 போட்டவர்கள்தானே ஜெயித்திருக்க வேண்டும்? இல்லை. 22 போட்டவர்கள் 66-64 என்று ஜெயித்துவிட்டார்கள். மிச்சக் கணக்கு ஃப்ரீ த்ரோவில், அதாவது எதிராளி ஃபவுல் செய்தால் தடுப்பார் இல்லாமல் எறியக் கிடைக்கும் ஒரு புள்ளி வாய்ப்பில் இருக்கிறது. ஜெயித்தவர்களுக்கு 27 ஃப்ரீ த்ரோ கிடைத்தது, அதில் 22 விழுந்தது. தோற்றவர்களுக்குக் கிடைத்ததே எட்டு, விழுந்தது ஆறு.

1985 ஏப்ரல் 1, அமெரிக்காவில் கென்டக்கி மாநிலத்து லெக்சிங்டன் நகரம். கல்லூரிக் கூடைப்பந்தின் தேசிய இறுதி ஆட்டம். ஜெயித்தது வில்லனோவா, தோற்றது ஜார்ஜ்டவுன். உலகம் இதை ஓர் அதிசயம் என்று எழுதிவைத்திருக்கிறது. எனக்கு அதில் பாதி சம்மதம்தான். அந்த இரண்டு அணியும் முன்பின் தெரியாதவை அல்ல. ஒரே வீட்டுப் பிள்ளைகள். அந்த வீட்டைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

அமெரிக்கக் கல்லூரி அணிகள் கூட்டம் கூட்டமாகச் சேர்ந்து ஆடும். அந்தக் கூட்டத்துக்குக் கான்ஃபரன்ஸ் என்று பெயர். மாநாடு என்று எடுத்துக்கொண்டு பந்தலையும் மைக்கையும் நினைத்துவிடாதீர்கள். ஒரு வட்டாரத்துக் கல்லூரிகள் தங்களுக்குள் ஒரு லீக் வைத்துக்கொள்வது, அவ்வளவுதான். நான் சொல்லப்போகும் காலத்தில் ஒவ்வொரு அணியும் மற்ற ஒவ்வொன்றோடும் தன் ஊரில் ஒரு முறை, அவர்கள் ஊரில் ஒரு முறை ஆடும். கடைசியில் கான்ஃபரன்ஸுக்குள் ஒரு நாக்அவுட் போட்டி. அதற்கும் பிறகுதான் தேசியப் போட்டி.

நம் ஊர்ப் பேச்சில் இதற்குச் சரியான சொல் பங்காளி. வெளியாள் வந்தால் ஒன்றாக நிற்பார்கள். வராத நாளில் வரப்புக்காக வெட்டிக்கொள்வார்கள். ஒருவன் சமையற்கட்டில் என்ன வேகிறது என்பது மற்றவனுக்கு வாசனையிலேயே தெரியும்.

நான் சொல்லப்போகும் பங்காளிக் கூட்டத்துக்குப் பெயர் பிக் ஈஸ்ட். 1979-இல் டேவ் கேவிட் என்பவர் உருவாக்கினார். பிராவிடன்ஸ் கல்லூரியின் கோச்சாக இருந்தவர். கிழக்குக் கரையில் நியூயார்க், பாஸ்டன், வாஷிங்டன் என்று பெரிய நகரங்கள் இருந்தன, நல்ல அணிகளும் இருந்தன. ஆனால் ஒவ்வொன்றும் ஒரு திசையில் ஆடிக்கொண்டிருந்தது. இவற்றைச் சேர்த்தால் டிவி தேடி வரும் என்பது அவர் கணக்கு. அதே 1979-இல்தான் ஈஎஸ்பிஎன் சேனலும் ஆரம்பமானது. நாள் முழுக்கக் காட்ட அவர்களுக்கு ஆட்டம் வேண்டும், இவர்களுக்கு முகம் தெரிய வேண்டும். ஏழு கல்லூரிகளோடு தொடங்கியது, அடுத்த வருடம் வில்லனோவாவும் 1982-இல் பிட்ஸ்பர்கும் சேர்ந்து ஒன்பது ஆயின. ஒன்பதில் ஆறு கத்தோலிக்கக் கல்லூரிகள். பாதிரியார்கள் பெஞ்சுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருக்க, கோர்ட்டில் முழங்கை பறக்கும்!

சரி, 1984-85 சீசனுக்கு வருவோம்.

ஜார்ஜ்டவுன் அப்போது நடப்புச் சாம்பியன். நடுவில் நின்றவர் பேட்ரிக் யூயிங். ஜமைக்காவின் கிங்ஸ்டனில் பிறந்தவர், ஏழடி உயரம். கோச் ஜான் தாம்ப்சன். 1984-இல் கோப்பை வாங்கியபோது, அந்தத் தேசியப் பட்டத்தை வென்ற முதல் கறுப்பினப் பயிற்சியாளர் ஆனார். அவரும் ஏறக்குறைய யூயிங் உயரம்தான். ஆட்டத்தின்போது தோளில் ஒரு வெள்ளைத் துண்டு கிடக்கும். நம் ஊரில் துண்டு போட்ட பெரியவரைப் பார்த்தால் வரும் மரியாதையும் லேசான பயமும் அங்கேயும் அவரிடம் இருந்தது.

இன்னொரு பக்கம் நியூயார்க்கின் செயின்ட் ஜான்ஸ். கோச் லூ கார்னசெக்கா, குள்ளமான, வாய் ஓயாத இத்தாலிய வம்சத்து மனிதர். ஆட்டக்காரர்களில் கிறிஸ் மல்லின். இடது கையால் பந்தை எறிந்தால் வலை மட்டும்தான் அசையும். யூயிங்கும் மல்லினும் அதற்கு முந்தைய கோடையில்தான் லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கில் ஒரே சட்டை போட்டுத் தங்கம் வாங்கியிருந்தார்கள். குளிர்காலம் வந்ததும் பழையபடி பங்காளிகள்.

அந்த ஜனவரியில் கார்னசெக்காவுக்கு ஜலதோஷம். கண்ணைப் பறிக்கும் பட்டை போட்ட ஒரு ஸ்வெட்டரைப் போட்டுக்கொண்டு ஆட்டத்துக்கு வந்தார். அணி ஜெயித்தது. ராசி என்று அதையே தொடர்ந்து போட ஆரம்பித்தார். ஜனவரி 26 அன்று ஜார்ஜ்டவுனின் சொந்த அரங்கிலேயே 66-65 என்று ஜெயித்து, அவர்களுடைய 29 தொடர் வெற்றிகளை நிறுத்தியது செயின்ட் ஜான்ஸ். நாட்டிலேயே முதலிடமும் கிடைத்தது. ஸ்வெட்டரைக் கழற்றுவாரா மனிதர்?

பிப்ரவரி 27, நியூயார்க் மேடிசன் ஸ்கொயர் கார்டன். செயின்ட் ஜான்ஸ் 19 ஆட்டம் தொடர்ந்து ஜெயித்து வந்து நிற்கிறது. தாம்ப்சன் கோட்டுப் பொத்தானைப் போட்டபடி உள்ளே வருகிறார். கார்னசெக்காவைப் பார்த்ததும் கோட்டைத் திறக்கிறார். உள்ளே அதே ஸ்வெட்டரின் டிசைன் அச்சடித்த பனியன்! அரங்கமே சிரித்தது. சிரித்து முடித்தபின் ஜார்ஜ்டவுன் 85-69 என்று ஜெயித்துவிட்டுப் போனது. ராசியை எதிரில் நின்று கேலி செய்து உடைப்பது பங்காளியால்தான் முடியும். பிக் ஈஸ்ட் போட்டியின் இறுதியில் மறுபடி 92-80. தேசிய அரையிறுதியில் மறுபடி 77-59. செயின்ட் ஜான்ஸ் அந்த வருடம் 31 ஜெயித்து நான்கில் தோற்றது. நான்கில் மூன்று இந்த ஒரே பங்காளியிடம்.

சிரிப்போடு இன்னொன்றையும் சொல்ல வேண்டும், சொல்லாமல் போவது நியாயமில்லை. யூயிங் போன அரங்கங்களில் வாழைப்பழத் தோல் எறிந்தார்கள். அவருக்குப் படிக்கத் தெரியாது என்று எழுதி அட்டை பிடித்தார்கள். அந்த சீசனில், பிக் ஈஸ்டின் இன்னொரு பங்காளியான சிரக்யூஸோடு நடந்த ஆட்டத்தில் அவர் ஃப்ரீ த்ரோ போடும்போது ஓர் ஆரஞ்சு பறந்து வந்து போர்டில் பட்டது. தாம்ப்சன் அணியைக் கோர்ட்டை விட்டு வெளியே அழைத்துக்கொண்டார். கறுப்பினத்தவர்களே நிறைந்த, முறைத்துக்கொண்டு ஆடும் அணி என்பதால் பத்திரிகைகள் ஜார்ஜ்டவுனுக்கு வில்லன் வேடம் கட்டின. பெயரிலேயே வில்லனை வைத்திருந்த வில்லனோவாவுக்கோ, செல்லப்பிள்ளை வேடம். இப்போது அந்த ஆட்டங்களை வீடியோவில் பார்க்கும்போது, அந்த முறைப்பு ஒரு கவசம் என்று எனக்குத் தோன்றுகிறது.

இனி வில்லனோவா. ஃபிலடெல்ஃபியாவை ஒட்டிய கல்லூரி. கோச் ராலி மாசிமினோ. பிக் ஈஸ்டில் 9 வெற்றி, 7 தோல்வி. செயின்ட் ஜான்ஸ் 15-1, ஜார்ஜ்டவுன் 14-2 என்று நிற்கும்போது இது பாஸ் மார்க் மாதிரி. லீக்கின் கடைசி ஆட்டத்தில் பிட்ஸ்பர்கிடம் 85-62 என்று அடி. இரண்டாம் பாதியில் மாசிமினோ தன் முதல் ஐந்து பேரையும் பெஞ்சில் உட்கார வைத்துவிட்டார்.

தேசியப் போட்டி அந்த வருடம்தான் முதல் முறையாக 64 அணிகளுக்கு விரிந்திருந்தது. நான்கு பிராந்தியம், ஒவ்வொன்றிலும் 1 முதல் 16 வரை வரிசை எண். வில்லனோவாவின் எண் 8. முதல் ஆட்டமே டேட்டன் அணியோடு, டேட்டன் ஊரிலேயே. 51-49. அப்புறம் மிச்சிகன் 59-55. மேரிலண்ட் 46-43. இந்த எண்களைக் கவனியுங்கள், எல்லாம் சின்ன எண்கள். பந்தை இத்தனை விநாடிக்குள் எறிந்தாக வேண்டும் என்ற கடிகாரம் தேசியப் போட்டியில் அப்போது இல்லை. 45 விநாடி விதி அடுத்த சீசனில்தான் வந்தது. பந்தைக் கையில் வைத்துக்கொண்டு எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் சுற்றலாம். வில்லனோவா சுற்றியது. வட கரோலினாவோடு பாதி ஆட்டத்தில் பின்தங்கி இருந்தபோது, இந்தக் கவலைக்கெல்லாம் ஒரு தட்டு நல்ல பாஸ்தா சாப்பிட்டிருக்கலாம் என்கிற மாதிரி மாசிமினோ பேசினாராம், அவருடைய ஆட்டக்காரர்கள் இன்றும் சொல்லிச் சிரிப்பார்கள். பயல்களுக்கு இறுக்கம் விட்டுப்போய் 56-44 என்று முடித்தார்கள்.

கடைசி நான்கு அணிகளில் மூன்று பிக் ஈஸ்ட். ஜார்ஜ்டவுன், செயின்ட் ஜான்ஸ், வில்லனோவா. நான்காவது மெம்ஃபிஸ் ஸ்டேட். அதை 52-45 என்று வெளியே அனுப்பிய பிறகு, வீட்டுக்குள்ளேயே பாகப்பிரிவினை.

ஜார்ஜ்டவுனிடம் வில்லனோவா அந்த சீசனில் ஏற்கெனவே இரண்டு முறை தோற்றிருந்தது. எப்படித் தோற்றது என்று பாருங்கள். ஒன்று ஓவர்டைமில் 52-50. இன்னொன்று 57-50. மற்ற அணிகள் யூயிங்கைப் பார்த்ததுமே பாதி தோற்றுவிடும். இவர்களுக்கு நான்கு வருடமாகப் பார்த்துச் சலித்த முகம் அது. எங்கே கை நீட்டுவார், எந்தப் பக்கம் திரும்புவார், முழுக் கோர்ட்டிலும் நெருக்கும் அந்த டிஃபென்ஸ் எங்கே இடைவெளி விடும், எல்லாம் மனப்பாடம்.

பனங்காயையும் பங்காளியையும் பதம் பார்த்து வெட்டு என்று ஒரு முரட்டுப் பழமொழி உண்டு. அன்றிரவு நடந்தது அதுதான். வில்லனோவா மொத்தம் 28 முறைதான் ரிங்கை நோக்கி எறிந்தது. 22 விழுந்தது. நூற்றுக்கு 78.6. இரண்டாம் பாதியில் பத்து எறிந்து ஒன்பது. நான் கல்லூரியில் ஆடிய நாளில், ஆளே இல்லாத கோர்ட்டில் பத்துக்கு ஆறு விழுந்தால் கோச் டீ வாங்கித் தருவார். இவர்கள் யூயிங் முன்னால் நின்று போட்டது இது. கேரி மெக்லைன் பந்தை நெருக்கடிக்கு நடுவே கடத்திக்கொண்டே இருந்தார். எட் பிங்க்னி உள்ளே யூயிங்கோடு தோளோடு தோள் நின்று 16 புள்ளி எடுத்தார், அந்தப் போட்டியின் சிறந்த ஆட்டக்காரர் விருதும் அவருக்கே. பெஞ்சிலிருந்து வந்த ஹரால்ட் ஜென்சன் ஐந்து எறிந்தார், ஐந்தும் விழுந்தது. ஐந்தாவது, 53-54 என்று பின்தங்கியிருந்தபோது, இரண்டரை நிமிடம் சொச்சம் மிச்சம் இருக்கையில். அதன்பின் வில்லனோவா பின்தங்கவே இல்லை.

அன்று காலைதான் அதே லெக்சிங்டனில் வில்லனோவாவின் பழைய கோச் அல் செவரன்ஸ் இறந்துபோயிருந்தார், ஆட்டம் பார்க்க வந்த இடத்தில். அணியின் பழைய டிரெய்னர் ஜேக் நெவின், நரம்பு நோயில் உடல் ஒடுங்கிப்போய், சக்கர நாற்காலியில் கோர்ட் ஓரத்தில் இருந்தார். கடைசி விநாடிகளில் டுவேன் மெக்லைன் தரையில் விழுந்து பந்தைக் குழந்தை மாதிரி கட்டிக்கொண்டு கிடக்க, மணி அடித்தது. பரிசளிப்பின்போது ஜார்ஜ்டவுன் பிள்ளைகள் எழுந்து நின்று கைதட்டினார்கள். வில்லன்கள்!

ஜார்ஜ்டவுன் அந்த வருடம் 35 ஜெயித்து மூன்றில் தோற்றது. செயின்ட் ஜான்ஸிடம் ஒன்று, சிரக்யூஸிடம் ஒன்று, வில்லனோவாவிடம் ஒன்று. வெளியாள் ஒருவராலும் முடியவில்லை. எட்டாம் எண்ணோடு வந்து கோப்பை வாங்கிய அணியும் அதன்பின் வேறொன்று இல்லை.

அந்த வீடு பிறகு உடைந்தது. அமெரிக்கக் கால்பந்தின் டிவி பணம்தான் காரணம். சிரக்யூஸும் பிட்ஸ்பர்கும் 2013-இல் வேறு கான்ஃபரன்ஸுக்குப் போயின. கத்தோலிக்கக் கல்லூரிகள் பெயரை மட்டும் கையில் வைத்துக்கொண்டு, புதிய பங்காளிகளைச் சேர்த்து மறுபடி அடுப்பு மூட்டின. 2015-இல் செயின்ட் ஜான்ஸுக்குக் கோச்சாக மல்லின் வந்தார். 2017-இல் ஜார்ஜ்டவுனுக்கு யூயிங். 2018 மார்ச்சில் அதே மேடிசன் ஸ்கொயர் கார்டனில், பிக் ஈஸ்ட் போட்டியில், இரண்டு பேரும் எதிரெதிர் பெஞ்சில் நின்றார்கள். அன்றைக்குச் செயின்ட் ஜான்ஸ் ஜெயித்தது.

வணக்கம்.